ராயல் டாங்க் ரெஜிமென்ட்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

உலகில் இன்று இருக்கும் டாங்கிப் படைகளில் மூத்தது பிரிட்டனின் ராயல் டாங்க் ரெஜிமென்ட். பிரிட்டிஷ் ராணுவத்தில் பழைய ரெஜிமென்ட்டுகள் பலவற்றுக்கு ஏதாவது ஒரு ராஜா, ஒரு கோமகன், ஒரு குதிரை லாயம் என்று பூர்வீகம் இருக்கும். இதற்கு அப்படி எதுவும் கிடையாது. இது பட்டறையில் பிறந்த படை. இதன் தொப்பி, கைத்தடி, கொடி எல்லாமே எண்ணெய்ப் பிசுக்கிலும் சேற்றிலும் இருந்து வந்தவை. எனக்கு இந்தப் படைமேல் ஆர்வம் வந்ததும் அதனால்தான்.

அந்த வண்டிக்கு 'டாங்க்' என்று ஏன் பெயர் வந்தது?

ரகசியத்துக்காக வைத்த பொய்ப் பெயர். 1915-இல் இங்கிலாந்தின் லிங்கன் நகரத்தில் வில்லியம் ஃபாஸ்டர் கம்பெனியின் தொழிற்சாலையில் இதைச் செய்துகொண்டிருந்தார்கள். அந்தக் கம்பெனி அதுவரை விவசாய இயந்திரங்கள் செய்துவந்தது. ஊரில் யாராவது கேட்டால் என்ன சொல்வது? மெசபடோமியாப் (இன்றைய இராக்) போர்முனைக்குத் தண்ணீர் கொண்டுபோகும் தொட்டி என்று சொல்லிவைத்தார்கள். 'வாட்டர் கேரியர்' என்றுதான் முதலில் பெயர் யோசித்தார்களாம். சுருக்கினால் டபிள்யூ.சி., அதாவது கழிப்பறை என்று வருகிறது என்பதால் அதைக் கைவிட்டு 'டாங்க்' என்று மாற்றியதாகச் சொல்வார்கள். சில வண்டிகளின் பக்கவாட்டில் 'கவனமாக பெட்ரோகிராடுக்கு' என்று ரஷ்ய மொழியில் எழுதியும் வைத்தார்கள், ரஷ்யாவுக்குப் போகும் சரக்கு என்று ஒற்றர்கள் நினைக்கட்டும் என்று.

நமக்கு இந்தச் சொல் புதிதல்ல. நம்மூர் ஏரியையும் குளத்தையும் வெள்ளைக்காரர்கள் 'டாங்க்' என்றுதான் எழுதிவந்தார்கள். சென்னை நுங்கம்பாக்கத்தில் ஏரி போய்விட்டது, டாங்க் பண்ட் ரோடு மட்டும் இருக்கிறது.

படையைத் தொடங்கியது யார்?

ஒருவர் பெயரைச் சொன்னால் மற்றவர்களுக்கு அநியாயம். முதல் உலகப் போரில் முள்கம்பி வேலியும் இயந்திரத் துப்பாக்கியும் காலாட்படையை அரைத்துத் தள்ளியபோது, பள்ளம் தாண்டும் கவச வண்டி வேண்டும் என்று வலியுறுத்தியவர் எர்னஸ்ட் ஸ்விண்டன் என்ற ராணுவ அதிகாரி. ராணுவ மேலிடம் பெரிதாகக் காது கொடுக்கவில்லை. கடற்படை அமைச்சராக இருந்த வின்ஸ்டன் சர்ச்சில் 1915 பிப்ரவரியில் 'தரைக்கப்பல் குழு' ஒன்றை அமைத்தார். ஆக, தரையில் ஓடும் வண்டிக்கு முதலில் வழிவிட்டது கடற்படை. வடிவமைத்தவர்கள் வில்லியம் ட்ரிட்டன், வால்டர் வில்சன் என்ற இருவர். முதலில் செய்த மாதிரியின் பெயர் 'லிட்டில் வில்லி'. அடுத்து வந்த 'மதர்' தான் போருக்குப் போன வண்டியின் தாய்.

ஓட்டுவதற்கு ஆள் பிடித்த விதம் இன்னும் சுவாரசியம். 1916-இல் கார் வைத்திருந்தவர்களே கொஞ்சம் பேர்தான். எஞ்சின் தெரிந்த பையன்கள் வேண்டும் என்பதால், ஒரு மோட்டார் சைக்கிள் பத்திரிகை வழியாகச் சேர்ந்தவர்கள் பலர். இவர்களை சஃபோக் பக்கம் எல்வெடன் என்ற இடத்தில் ஒரு பிரபுவின் எஸ்டேட்டில், வெளியாள் நுழைய முடியாதபடி காவல் போட்டுப் பயிற்சி கொடுத்தார்கள். அப்போது படையின் பெயர் 'இயந்திரத் துப்பாக்கிப் படையின் கனரகப் பிரிவு'. 1917 ஜூலையில் அது 'டாங்க் கோர்' என்ற தனிப் படை ஆனது.

முதல் டாங்கிக்குள் இருப்பது எப்படி இருந்தது?

மார்க் 1 வண்டியின் எடை சுமார் 28 டன். டெய்ம்லர் எஞ்சின், 105 குதிரைத்திறன். நல்ல தரையில் மணிக்கு 6 கிலோமீட்டர் போகும், அதாவது வேகமாக நடக்கிறவர் முந்திவிடலாம். உள்ளே எட்டுப் பேர். எஞ்சின் தனி அறையில் இல்லை, நடுக்கூடத்தில் அடுப்பு வைத்த மாதிரி எட்டுப் பேருக்கும் மத்தியில் திறந்தபடி ஓடும். வெப்பம் 50 டிகிரியை எட்டும். புகை வெளியே சரியாகப் போகாது. கார்பன் மோனாக்சைடு ஏறி வாந்தி எடுத்தவர்களும் மயங்கியவர்களும் உண்டு.

வண்டியைத் திருப்புவது தனி வித்தை. ஓட்டுநர் முன்னால், அவர் பக்கத்தில் பிரேக்கைப் பிடித்தபடி அதிகாரி, பின்னால் இரண்டு கியர்காரர்கள், வண்டி உருள்வது சக்கரத்தில் அல்ல, இரண்டு பக்க இரும்புச் சங்கிலிப் பட்டைகளில் என்பதால் இடதுபுறச் சங்கிலிக்கு ஒருவர், வலதுபுறச் சங்கிலிக்கு ஒருவர். எஞ்சின் சத்தத்தில் கத்தினாலும் கேட்காது என்பதால், ஓட்டுநர் எஞ்சின் மூடியில் ஸ்பேனரால் ஓங்கித் தட்டி, கையால் சைகை காட்டுவார். இப்படி நாலு பேர் ஒத்துழைத்தால்தான் ஒரு வளைவு திரும்பும். ஏதாவது சேதி அனுப்பவேண்டுமா? கூண்டில் புறா வைத்திருந்தார்கள், அதைப் பறக்கவிடுவார்கள்.

கவசத் தகடு அதிகபட்சம் 12 மில்லிமீட்டர். குண்டு துளைக்காவிட்டாலும், வெளியே அடிபட்ட வேகத்தில் உள்பக்கம் இரும்புத் துணுக்குகள் தெறிக்கும். அதற்காகச் சங்கிலி வளையங்கள் தொங்கும் ஒரு முகமூடி கொடுத்தார்கள். அந்தச் சூட்டில் அதை மாட்டிக்கொண்டு உட்காருவதை நினைத்துப் பாருங்கள்.

'ஆண்', 'பெண்' என்று இரண்டு வகை இருந்தது. பீரங்கி வைத்தது ஆண், இயந்திரத் துப்பாக்கி மட்டும் வைத்தது பெண். பெயர் வைத்தவர்களின் தர்க்கத்தை நான் விசாரிக்கவில்லை.

முதல் சண்டையில் வெற்றி கிடைத்ததா?

பாதி. 1916 செப்டம்பர் 15, பிரான்ஸில் சோம் போர்முனை, ஃப்ளேர்ஸ்-கூர்செலெட். ஒதுக்கியது 49 டாங்கிகள். புறப்படும் இடத்துக்கு வந்து சேர்ந்தவை முப்பது சொச்சம். மற்றவை வழியிலேயே பழுதாகி நின்றன, அல்லது பள்ளத்தில் மாட்டின. ஆனால் 'டி-17' என்ற டாங்கி ஃப்ளேர்ஸ் கிராமத்தின் தெருவுக்குள்ளேயே போனது, பின்னால் காலாட்படை நடந்து வந்தது. பத்திரிகைகளுக்கு அது போதும்.

ரகசியத்தை இத்தனை குறைந்த வண்டிகளை வைத்து அம்பலமாக்கியது தவறு என்று அன்றே சண்டை போட்டார்கள், இன்றும் போடுகிறார்கள். எனக்கு இரண்டு பக்கமும் நியாயம் தெரிகிறது. ஓட்டிப் பார்க்காமல் எது உடையும் என்று எப்படித் தெரியும்? பிரிட்டிஷ் தளபதி ஹெய்க் என்னவோ கையோடு இன்னும் ஆயிரம் வண்டிகள் கேட்டார்.

காம்ப்ரே என்ற பெயரை ஏன் இவ்வளவு கொண்டாடுகிறார்கள்?

நவம்பர் 20 இந்த ரெஜிமென்ட்டின் திருநாள். அதற்கு முன் நடந்ததைத் தெரிந்துகொண்டால்தான் அது புரியும். 1917-இல் பெல்ஜியத்தில் பாஷெண்டேல் போர்முனையில் மழையும் பீரங்கிக் குண்டுகளும் நிலத்தைக் கூழாக்கியிருந்தன. அதில் டாங்கிகளை இறக்கினால் என்ன ஆகும்? புதைந்தன. டாங்கி என்பதே வீண் செலவு என்று பேச ஆரம்பித்துவிட்டார்கள்.

படைத்தளபதி ஹ்யூ எல்லஸும் அவருடைய ஆட்களும் கேட்டது, காய்ந்த கெட்டித் தரையில் ஒரு வாய்ப்பு. காம்ப்ரே அப்படிப்பட்ட இடம். 1917 நவம்பர் 20 அதிகாலை, 476 டாங்கிகள். வழக்கமாக நாள்கணக்கில் குண்டு பொழிந்துவிட்டுத்தான் தாக்குவார்கள், அதுவே எதிரிக்கு முன்னறிவிப்பு ஆகிவிடும். இந்த முறை அது இல்லை. ஜெர்மானியரின் அகழிகள் அகலமானவை என்பதால், ஒவ்வொரு சண்டை டாங்கியின் தலையிலும் ஒன்றேமுக்கால் டன் எடையுள்ள பெரிய விறகுக் கட்டு. அகழி வந்ததும் அதை உள்ளே தள்ளிவிட்டு அதன்மேல் ஏறிப் போகவேண்டும். அந்தக் கட்டுகளைப் பட்டறையில் கட்டியவர்கள் பிரான்ஸுக்குக் கூலிவேலைக்கு வந்திருந்த சீனத் தொழிலாளர்கள். வெற்றிக் கதையில் அவர்கள் பேச்சே வருவதில்லை.

எல்லஸ் தலைமையகத்தில் உட்காரவில்லை. 'ஹில்டா' என்ற டாங்கியில் ஏறி, கொடியைக் கட்டிக்கொண்டு முன்வரிசையில் போனார். அன்று ஒரே நாளில் சுமார் 8 கிலோமீட்டர் முன்னேறினார்கள். மாதக்கணக்கில் ரத்தம் சிந்தியும் கிடைக்காத தூரம் அது. இங்கிலாந்தில் தேவாலய மணிகளை அடித்தார்கள்.

சரி, விலை? முதல் நாளிலேயே 179 டாங்கிகள் போய்விட்டன. அவற்றில் குண்டடி பட்டவை 65 தான். 71 இயந்திரக் கோளாறு, மீதி 43 பள்ளத்தில் மாட்டியவை. பத்து நாள் கழித்து, நவம்பர் 30-ஆம் தேதி ஜெர்மானியர் திருப்பித் தாக்கி, போன நிலத்தில் பெரும்பகுதியைப் பிடித்துக்கொண்டார்கள். ஆகவே அதை முழு வெற்றி என்று எழுதுகிறவர்களை நம்பாதீர்கள். டாங்கியால் என்ன முடியும் என்று தெரிந்துபோன நாள், அவ்வளவுதான். அடுத்த ஆகஸ்டில் அமியானில் ஐந்நூறுக்கு மேற்பட்ட டாங்கிகள் இறங்கியபோது அந்தப் பாடம் கைகொடுத்தது.

கொடியில் ஏன் பழுப்பு, சிவப்பு, பச்சை?

கடையில் இருந்த துணி. எல்லஸ் கொடி வேண்டும் என்று தேடியபோது பிரான்ஸில் கஸெல் என்ற சிற்றூரின் துணிக்கடையில் கிடைத்த பட்டு இந்த நிறங்களில்தான் இருந்தது. 'சேற்றைக் கடந்து, ரத்தத்தைக் கடந்து, அப்பால் உள்ள பச்சை வயலுக்கு' என்ற விளக்கம் அப்புறம் சேர்ந்தது. அழகான விளக்கம்தான், ஆனால் துணி முதலில், தத்துவம் பிறகு. பச்சை மேலே இருக்கும்படிதான் கொடியைப் பறக்கவிடுவார்கள்.

கறுப்புத் தொப்பி?

விளிம்பு வைத்த தொப்பியோடு டாங்கிக்குள் குறிபார்க்க முடியாது, கண்ணாடியில் இடிக்கும். வெளிர்நிறத் துணி என்றால் ஒரே நாளில் கிரீஸ். பிரெஞ்சு மலைப்படையினர் அணிந்த மடிப்புத் தொப்பி எல்லஸுக்குப் பிடித்திருந்தது. அதை வைத்து உருவாக்கிய கறுப்பு பெரே தொப்பிக்கு 1924-இல் அனுமதி கிடைத்தது. பிற்பாடு பல நாட்டு டாங்கிப் படைகள் கறுப்புத் தொப்பிக்கு மாறியதற்கு இதுதான் தொடக்கம். இரண்டாம் உலகப் போரில், எகிப்தின் எல் அலமைன் சண்டைக் காலத்தில், பிரிட்டிஷ் தளபதி மாண்ட்கோமரி இரண்டு சின்னம் குத்திய கறுப்புத் தொப்பியோடு நிற்கும் படத்தைப் பார்த்திருப்பீர்கள். அவரே டாங்கிப்படைக்காரர் அல்ல. அவருடைய டாங்கியை ஓட்டிய ஆறாவது ராயல் டாங்க் (படைக்குள் எண் போட்ட பிரிவுகளில் ஒன்று) ஆட்களிடமிருந்து வந்தது அந்தத் தொப்பி.

அதிகாரிகள் கையில் ஏன் ஒரு முரட்டுத் தடி?

மற்ற ரெஜிமென்ட் அதிகாரிகள் பூண் போட்ட நாகரிகமான சிறு பிரம்பு வைத்திருப்பார்கள். இவர்கள் கையில் ஆஷ் மரத்தில் வெட்டிய கரடுமுரடான தடி. டாங்கிக்கு முன்னால் நடந்து, சேறு எவ்வளவு ஆழம் என்று குத்திப் பார்ப்பதற்காக வந்தது அது.

இதில் வேடிக்கை எதுவும் இல்லை. கேப்டன் கிளெமென்ட் ராபர்ட்சன் என்பவர் 1917 செப்டம்பர் கடைசியில் இரவு பகலாக, உதவியாள் சிரில் ஆலனோடு பாஷெண்டேல் சேற்றில் நடந்து டாங்கிகளுக்கு வழி குறித்துவைத்தார். அக்டோபர் 4 அன்று அந்த வழியைக் காட்டிக்கொண்டு, கவசம் எதுவும் இல்லாமல், டாங்கிகளுக்கு முன்னால் நடந்தே போனார். வண்டிகள் இலக்கை அடைந்தன, அவர் சுடப்பட்டு இறந்தார். டாங்கிப் படையின் முதல் விக்டோரியா கிராஸ், அதாவது பிரிட்டனின் மிக உயர்ந்த வீரப் பதக்கம், அவருடையது. ஆலனுக்கு ஒரு பதக்கம் கிடைத்தது. அவர் காம்ப்ரேயின் முதல் நாளில் இறந்தார்.

மொத்தம் எத்தனை விக்டோரியா கிராஸ்?

முதல் போரில் நாலு, இரண்டாம் போரில் இரண்டு. முதல் நால்வரும் அந்தச் செயலிலேயே உயிர் விட்டவர்கள். அவர்களில் லெப்டினன்ட் கர்னல் ரிச்சர்ட் வெஸ்ட், டாங்கிப் படை அதிகாரியாக இருந்தும், குதிரைமேல் இருந்தபடி காலாட்படையைத் தட்டியெழுப்பிக்கொண்டிருந்தபோது கொல்லப்பட்டார். இரண்டாம் போரில் பெற்ற ஃபிலிப் கார்ட்னர், ஹென்றி ஃபூட் இருவரும் வட ஆப்பிரிக்காவில் பெற்றார்கள், உயிரோடும் திரும்பினார்கள்.

டாங்கிகளில் கண் வரைந்திருக்கிறார்களே, அது என்ன?

மலாயாவின் சீனச் செல்வந்தர் யூ டோங் சென் முதல் போரின்போது ஒரு டாங்கிக்கான பணத்தைக் கொடுத்தார். கண் இல்லாவிட்டால் வண்டிக்கு எப்படி வழி தெரியும்? சீனர்கள் படகுக்குக் கண் வரைவார்களே, அந்த வழக்கப்படி அதற்கும் வரைந்தார்கள். நாலாவது ரெஜிமென்ட் வழியாக அது இன்றைய டாங்கிகள் வரை வந்திருக்கிறது.

அரேபியாவின் லாரன்ஸ் இதில் இருந்தாரா?

இருந்தார். முதல் போரில் அரபுக் கிளர்ச்சியாளர்களோடு சேர்ந்து துருக்கியரை எதிர்த்துப் புகழ்பெற்ற பிரிட்டிஷ் அதிகாரி அவர். 1923-இல் டி. இ. ஷா என்று பெயரை மாற்றிக்கொண்டு சாதாரணச் சிப்பாயாக டார்செட்டில் உள்ள போவிங்டன் முகாமில் சேர்ந்தார். அவருக்குப் பிடிக்கவே இல்லை. 1925-இல் விமானப்படைக்குத் திரும்பிவிட்டார். முகாமுக்குப் பக்கத்தில் அவர் பிடித்த க்ளவுட்ஸ் ஹில் குடிசை வீடு இன்னும் இருக்கிறது.

அதே 1923-இல்தான் ஐந்தாம் ஜார்ஜ் மன்னர் 'ராயல்' பட்டம் கொடுத்தார். பட்டறைக்கு அரண்மனை முத்திரை கிடைக்க ஏழு வருடம் ஆனது.

இரண்டு போர்களுக்கு நடுவில் ஏன் பின்தங்கினார்கள்?

காசில்லை, குதிரைப் பாசம் போகவில்லை. இரண்டும்தான். 1927-இல் சாலிஸ்பரி சமவெளியில் டாங்கி, லாரி, பீரங்கி எல்லாம் சேர்ந்து இயங்கும் ஒரு சோதனைப் படையை பிரிட்டன் நடத்திக் காட்டியது. இரண்டே வருடத்தில் அதைக் கலைத்துவிட்டது. அதைக் கவனித்துப் படித்தவர்கள் ஜெர்மானியர்.

பெர்சி ஹோபர்ட்டின் கதை இதற்கு நல்ல உதாரணம். நைனிடாலில் பிறந்தவர், டாங்கிகளை வானொலி மூலம் ஒன்றாக இயக்கப் பழக்கியவர், எகிப்தில் பிற்பாடு 'பாலைவன எலிகள்' என்று பெயரெடுத்த படையை வளர்த்தவர். வாயும் கொஞ்சம் நீளம். 1940-இல் அவரை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். மேஜர் ஜெனரலாக இருந்தவர் ஊர்க்காவல் படையில் லான்ஸ் கார்ப்பரல் மட்டத்தில் சேர்ந்து கிராமத்தைக் காத்துக்கொண்டிருந்தார். சர்ச்சில் தேடிப் பிடித்துத் திரும்ப அழைத்தார். 1944 ஜூன் 6 அன்று நார்மண்டிக் கரையில் கண்ணிவெடியைச் சங்கிலியால் அடித்து வெடிக்கவைத்த டாங்கி, நெருப்பு கக்கிய டாங்கி, பாலம் சுமந்த டாங்கி, கடலில் மிதந்து வந்த டாங்கி எல்லாம் அவருடைய 79-ஆவது கவச டிவிஷன் வளர்த்தவை. மாண்ட்கோமரி அவருக்குத் தங்கை கணவர், மச்சான் முறை.

இரண்டாம் உலகப் போரில் எங்கெல்லாம் சண்டை போட்டார்கள்?

எங்கெல்லாம் இல்லை என்று கேட்பது சுலபம். இரண்டை மட்டும் சொல்கிறேன்.

1940 மே 21, பிரான்ஸின் அராஸ். நாலாவது, ஏழாவது பட்டாலியன்களின் 74 மட்டில்டா டாங்கிகள் ஜெர்மன் தளபதி ரோமெலின் படையைப் பக்கவாட்டில் தாக்கின. அவற்றில் 58 வண்டிகளில் பீரங்கியே கிடையாது, ஒரு இயந்திரத் துப்பாக்கிதான். ஆனால் கவசம் தடிமன். ஜெர்மானியரின் டாங்கி எதிர்ப்புக் குண்டுகள் பட்டுத் தெறித்தன. கடைசியில் விமானத்தைச் சுடும் 88 மில்லிமீட்டர் பீரங்கியைத் தாழ்த்திச் சுட்டுத்தான் நிறுத்தினார்கள். அன்று இரண்டு பட்டாலியன்களின் தளபதிகளும் இறந்தார்கள். சண்டை சில மணி நேரம்தான். ஜெர்மன் மேலிடத்துக்கு வந்த கலக்கம் அதைவிட நீண்டது.

இன்னொன்று அதே ஆண்டு டிசம்பர் 9, எகிப்துப் பாலைவனத்தில் நிபெய்வா முகாம். ஏழாவது பட்டாலியனின் மட்டில்டாக்களும் நாலாவது இந்திய டிவிஷனும் சேர்ந்து விடியற்காலையில் இத்தாலிய முகாமின் பின்புறமாக நுழைந்தன. இத்தாலியக் குண்டுகள் மட்டில்டாவைத் துளைக்கவில்லை. அன்று தொடங்கியது இரண்டு மாதத்தில் 1,30,000 கைதிகளோடு முடிந்தது.

இந்தியாவோடு வேறு தொடர்பு உண்டா?

உண்டு. 1920-களிலிருந்து இந்தப் படையின் கவச கார் பிரிவுகள் இந்தியாவில், குறிப்பாக வடமேற்கு எல்லைப் பக்கம் இருந்தன. பயிற்சி மையம் அகமத்நகரில். இன்றும் இந்திய கவசப் படையின் பயிற்சி மையம் அந்த ஊர்தான், அங்கே ஒரு டாங்கி அருங்காட்சியகமும் உண்டு.

அப்புறம் பர்மா. 1942 பிப்ரவரியில், ரங்கூன் விழும் தறுவாயில், இரண்டாவது பட்டாலியன் எகிப்திலிருந்து ஸ்டூவர்ட் டாங்கிகளோடு வந்து இறங்கியது. மூன்று மாதம் பின்வாங்கும் படைக்குப் பின்காவலாக நின்று சண்டை போட்டுக்கொண்டே வடக்கே போனது. தமிழர்கள் உட்பட லட்சக்கணக்கான இந்தியர்கள் பர்மாவை விட்டு அகதிகளாக வெளியேறிய அதே மாதங்கள் அவை. சிந்த்வின் ஆற்றங்கரையில் டாங்கிகளைக் கடத்த வழியில்லை. எதிரி கைக்குப் போகக்கூடாது என்று தாங்களே உடைத்துப் போட்டுவிட்டு நடந்து இந்தியா வந்து சேர்ந்தார்கள்.

ஆவடியைப் பற்றியும் கேட்பார்கள். அங்கே தயாரான முதல் டாங்கியான விஜயந்தா பிரிட்டனின் விக்கர்ஸ் கம்பெனி வடிவமைப்பு. அது கம்பெனி விவகாரம், இந்த ரெஜிமென்ட்டோடு சேராது.

முதலாவது, இரண்டாவது என்று எண் போட்டுச் சொல்கிறார்களே, ஒரு ரெஜிமென்ட்டா பலவா?

குழப்பம்தான். 1939-இல் பழைய குதிரைப்படைகளையும் இவர்களையும் சேர்த்து 'ராயல் ஆர்மர்டு கோர்' என்று ஒரு குடை அமைத்தார்கள். அதற்குள் இவர்கள் பெயர் ராயல் டாங்க் ரெஜிமென்ட் ஆனது. அதற்குக் கீழே பட்டாலியன்கள், போர்க்காலத்தில் இருபதுக்கும் மேல். 1945-இல் ஒவ்வொரு பட்டாலியனையும் தனி ரெஜிமென்ட் என்று அழைக்க ஆரம்பித்தார்கள். ஆகவே ஒரு ரெஜிமென்ட்டுக்குள் எட்டு ரெஜிமென்ட்டுகள் இருந்த காலமும் உண்டு.

பிறகு குடும்பச் சொத்தைப் பிரிப்பதற்கு நேர்மாறாக, சேர்த்துக்கொண்டே போனார்கள். 1959–60-இல் எட்டு ஐந்தானது. 1969-இல் ஐந்தாவதைக் கலைத்தார்கள். 1992–93-இல் இரண்டு இரண்டாகச் சேர்த்தார்கள். 2014 ஆகஸ்டில் மிச்சமிருந்த முதலாவதும் இரண்டாவதும் ஒன்றாகி, இப்போது உண்மையிலேயே ஒரே ரெஜிமென்ட். வில்ட்ஷயரில் டிட்வர்த் முகாம், சேலஞ்சர் 2 டாங்கிகள்.

நேரில் பார்க்க எங்கே போகலாம்?

போவிங்டன் டாங்கி அருங்காட்சியகம். லிட்டில் வில்லியும், உலகில் மிஞ்சியிருக்கும் ஒரே மார்க் 1 டாங்கியும் அங்கேதான். துருப்பிடித்துக் கிடந்த பழைய வண்டிகளைக் காப்பாற்றி வைக்கச் சொன்னவர் எழுத்தாளர் ருட்யார்ட் கிப்ளிங், 1923-இல்.

பிரான்ஸ் பக்கம் போகிறவர்கள் காம்ப்ரேக்கு அருகில் ஃப்ளெஸ்கியேர் கிராமத்துக்குப் போகலாம். 1917 நவம்பர் 20 அன்று குண்டடி பட்ட 'டெபோரா' என்ற டி-51 டாங்கியை 1998-இல் அந்த ஊரில் தோண்டியெடுத்தார்கள். ஓட்டையோடு, உருக்குலைந்தபடி, அப்படியே ஒரு சிறு அருங்காட்சியகத்தில் வைத்திருக்கிறார்கள். வெளியே வந்து சில அடி நடந்தால் கல்லறை. அந்த வண்டிக்குள் இருந்தவர்களில் ஐந்து பேர் அங்கே இருக்கிறார்கள்.